எதையும் தாங்காத தூண்

பதினாலு வருஷத்துக்கு முன்னால் நான் பண்ணின ஒரு குசும்புக்குப் பதில் சொல்லத்தான் இந்தத் தடவை சென்னைக்கு வந்தேன். கல்யாணம், காதுகுத்து எதுவும் இல்லை. ஒரு தூண். ஐயப்பன்தாங்கல் பஸ் டிப்போவைத் தாண்டி மாங்காடு போகிற வழியில், ஒரு குறுக்குத் தெருவில், பன்னிரண்டு வீடுகள் உள்ள அடுக்குமாடிக் குடியிருப்பின் கீழே அது நிற்கிறது. எதையும் தாங்காமல் நிற்கிறது. அப்படித்தான் நான் வரைந்து கொடுத்தேன்.

இதைக் கொஞ்சம் விளக்கிவிடுகிறேன், இல்லாவிட்டால் இவளுக்கு மரை கழன்றுவிட்டது என்று நினைப்பீர்கள். கட்டடக் கலை படிக்கிறவர்களுக்குத் தத்துவம் என்று ஒரு காய்ச்சல் வரும். ஒவ்வொரு தலைமுறைக்கும் ஒவ்வொரு காய்ச்சல். பகுத்தறிவுதான் எல்லாம் என்று ஒரு கூட்டம் சொன்னபோது, வீடும் ஒரு இயந்திரம்தான், வேலை செய்யாத எதுவும் அதில் இருக்கக்கூடாது என்று வெள்ளைப் பெட்டிகளாகக் கட்டினார்கள். அடுத்து, மனுஷன் மூளை மட்டும் இல்லை, உடம்பு, அவன் உணர்வதுதான் உலகம் என்று இன்னொரு கூட்டம் வந்தது. உடனே வெளிச்சம் எப்படி விழுகிறது, கைப்பிடி எப்படிக் குளிர்கிறது என்று கட்ட ஆரம்பித்தார்கள். அதற்கும் அடுத்து வந்தவர்கள் எல்லாவற்றையும் கேள்வி கேட்டார்கள். மேல், கீழ், உள்ளே, வெளியே, தாங்குவது, தாங்கப்படுவது, இதெல்லாம் யார் போட்ட சட்டம்? தமிழில் இதற்குக் கட்டுடைப்பு என்று பெயர். புத்தகத்தில் கட்டை உடைத்தால் யாருக்கும் அடிபடாது. கட்டடத்தில் உடைத்தால் கீழே ஆள் இருக்கிறான்.

எனக்கு இரண்டாவதும் மூன்றாவதும் ஒரே சமயத்தில் வந்தன, டைபாய்டும் மஞ்சள் காமாலையும் சேர்ந்து வந்த மாதிரி. அப்போது முப்பத்தாறு வயது. திருச்சிக்காரி, சென்னையில் சொந்தமாக ஒரு சின்ன ஆபீஸ், அலமாரி முழுக்கப் பாதி புரிந்த ஜெராக்ஸ் கட்டுகள். எனக்குக் கிடைத்த முதல் அடுக்குமாடி இதுதான். நடுவில் வானத்தைப் பார்த்த ஒரு திறந்த முற்றம் வைத்தேன். அதன் நுழைவாயிலில், மாடி வராந்தாக்களைச் சுமக்கிற உத்தரத்துக்கு அடியில், ஒரு தூண். அந்தத் தூண் உத்தரத்தைத் தொடாமல் ஒரு சாண் கீழேயே நின்றுவிடும். தாங்க மறுக்கும் தூண் என்று அதைப் பற்றி ஒரு கட்டுரையும் எழுதினேன். அந்தக் கட்டுரைதான் என்னை ஹாலந்துக்குக் கூட்டிக்கொண்டு போனது. அங்கே ஒரு கல்லூரியில் இப்போது கட்டடக் கோட்பாடு பாடம் எடுக்கிறேன். வீடு கட்டி வருஷக்கணக்கில் ஆயிற்று.

இரண்டாவது கூட்டத்தின் உடம்புக் காய்ச்சலுக்கும் அந்தக் கட்டடத்தில் ஒன்று செய்திருந்தேன். மாடிப்படியின் கிழக்குச் சுவரில், மேலிருந்து கீழ்வரை மூன்றடி அகலத்துக்கு ஒரு பிளவு, கண்ணாடி போட்டது. காலையில் வெளிச்சம் படி படியாக இறங்கி வரும். அந்தச் சுவரின் போட்டோவை வருஷா வருஷம் வகுப்பில் காட்டுவேன். தூணைக் காட்டுவதில்லை, வெட்கமாக இருக்கும்.

போன மாதம் குடியிருப்போர் சங்கச் செயலாளர் செல்வகுமார் போன் பண்ணினார். கோவில்பட்டிக்காரர், ஐடி வேலை, வீட்டிலிருந்தே பார்க்கிறார். "மேடம், லிஃப்ட் வைக்கணும். மூணாவது மாடியில ஒருத்தர் இடுப்பெலும்பு ஒடஞ்சு, பத்தொம்போது மாசமா கீழயே எறங்கல. ரெண்டு எடம்தான் இருக்குன்னு சொல்லுதாங்க. ஒண்ணு முத்தம், ஆனா வாசல மறிச்சுக்கிட்டு அந்தத் தூண் நிக்கி. இன்னொண்ணு கெழக்குச் சொவரு."

"தூணை எடுத்துக்குங்க. சுவரைத் தொடாதீங்க" என்றேன், யோசிக்கவே இல்லை.

"அப்ப நீங்க நேர்ல வந்து பாத்து, அது எதையும் தாங்கலன்னு எழுதிக் கையெழுத்துப் போட்டுக் குடுக்கணும். இல்லன்னா லிஃப்ட்காரங்க கை வைக்க மாட்டாங்களாம். பழைய ப்ளான் எல்லாம் வெள்ளத்துல போச்சு."

வாயைக் கொடுத்து மாட்டிக்கொள்வது எனக்குப் பழக்கம்தான். ஒரு வாரம் லீவு எழுதிக்கொடுத்தேன்.

முதல் நாள். மீனம்பாக்கத்தில் இறங்கும்போதே உடம்பு அடித்துப் போட்ட மாதிரி இருந்தது. டாக்ஸி போரூர் தாண்டி ஊர்ந்தது. சாலை நடுவில் மெட்ரோவுக்கான தூண்கள், ஒவ்வொன்றும் நாலு பேர் கைகோத்தாலும் அணைக்க முடியாத பருமன். ஹாலந்தில் பாலம் கட்டினால் அது தண்ணீரில் இருக்கிற மாதிரியே தெரியாமல் ஒளித்துக் கட்டுவார்கள். இங்கே ஒளிவு மறைவே கிடையாது. நான் இருக்கிறேன், தாங்குகிறேன், நீ சுற்றிக்கொண்டு போ.

"யக்கா, எந்தத் தூணாண்ட எறங்கணும்?" என்றார் டிரைவர்.

தூக்கிவாரிப் போட்டது. இவருக்கு எப்படித் தெரியும் நான் தூணைப் பார்க்க வந்தவள் என்று? அப்புறம்தான் புரிந்தது, இங்கே இப்போது வழி சொல்வதே தூண் நம்பரை வைத்துத்தான். டீக்கடை, மருந்துக்கடை, கல்யாண மண்டபம், எல்லாவற்றுக்கும் எதிரில் ஒரு நம்பர். என் தூணுக்கு நம்பர் இல்லை என்று சொல்ல அலுப்பாக இருந்தது. மாங்காடு ரோட்டில் திரும்பச் சொன்னேன்.

செல்வகுமார் வாசலில் நின்றார். முற்றத்தில் பதினைந்து பைக்குகள், இரண்டு சிண்டெக்ஸ் டேங்க், ஒரு பழைய வாஷிங் மெஷின். வெற்றிடம் பற்றி நான் எழுதின பக்கங்களை நினைத்துக்கொண்டேன். சென்னையில் வெற்றிடம் என்றால் இன்னும் சாமான் வைக்காத இடம், அவ்வளவுதான்.

தூண் பச்சைப் பெயின்ட் அடித்துக்கொண்டு நின்றது. அதில் பன்னிரண்டு தபால் பெட்டி, ஒரு பிள்ளையார் படம், தண்ணி லாரி வரும் நேரம் எழுதின அட்டை. மேலே நிமிர்ந்து பார்த்தேன். அந்த ஒரு சாண் இடைவெளியைக் காணோம்! ஏதோ வைத்து அடைத்து, அதன் மேலும் பெயின்ட்.

"யார் இதை அடைச்சது?"

"மூணாவது மாடி பரமசிவம் அண்ணாச்சிதான். நாங்க வாரதுக்கு முன்னாடியே." இடுப்பு உடைந்தவர் என்று போனில் சொன்னாரே, அவரேதான்.

மூன்று மாடி ஏறினேன். பாதியில் நின்று மூச்சு வாங்கும்போது, இந்த வீட்டுக்கு லிஃப்ட் எதற்கு, படி ஏறுவதே ஒரு அனுபவம் என்று அன்றைக்கு நான் வாதாடினது ஞாபகம் வந்தது. முப்பத்தாறு வயதுக் கால் பேசின பேச்சு அது.

மேல் படிக்கட்டுத் தளத்தில், கிழக்குச் சுவரின் பிளவுக்கு எதிரே, கைவைத்த பிளாஸ்டிக் நாற்காலியில் அவர் உட்கார்ந்திருந்தார். காலை வெயில் சரியாக அவர் மடியில் விழுந்திருந்தது. பக்கத்தில் வாக்கர். ஆவடியில் ராணுவ வண்டித் தொழிற்சாலையில் ஃபிட்டராக இருந்து ஓய்வு பெற்றவர். பட்டாபிராமில் பிறந்து, ஆவடி குவார்ட்டர்ஸில் வாழ்ந்து, ஓய்வுக்குப் பிறகு இந்த வீட்டை வாங்கியிருக்கிறார். அவர் மனைவி சுலோச்சனா, நான் யார் என்று கேட்பதற்கு முன்பே காபியோடு வந்துவிட்டார்.

"நீங்கதானாம்மா அந்தத் தூண வரைஞ்சவங்க?" என்றார் பரமசிவம்.

ஆமாம் என்றேன். தாங்க மறுக்கிற தூண், எல்லாத் தூணும் தாங்கித்தான் ஆகவேண்டும் என்கிற எண்ணத்தையே கேள்வி கேட்பதற்காக வைத்தது என்று, முடிந்தவரை நல்ல தமிழில் சொல்லிப் பார்த்தேன். வகுப்பில் இதைச் சொன்னால் பிள்ளைகள் குறித்துக்கொள்வார்கள்.

அவர் பொறுமையாகக் கேட்டார். "மறுக்கறதுக்கு அதுக்கு வாய் கீதா?" என்றார். "அது மறுக்கலம்மா. நீங்க உடல."

சுலோச்சனா, "வந்தவங்களாண்ட இன்னா பேச்சு பேசறே நீ" என்று அதட்டினார். எனக்குக் கோபம் வரவில்லை. அந்த வாக்கியத்தை எந்தப் புத்தகத்திலும் படித்ததில்லையே என்றுதான் தோன்றியது.

"பன்னண்டு வருசம் முன்ன, குடி வந்த அன்னிக்கே பாத்தேன்" என்று அவர் தொடர்ந்தார். "தூணு மேல தொடாம நின்னுகினு கீது. மேஸ்திரி அளவுல கோட்ட உட்டுட்டான்னு நெனச்சேன். போவ வர கண்ணுல குத்துது. எனக்குப் பொறுக்கல. அம்பத்தூர்ல நம்ம சிநேகிதன் லேத் பட்டறை வெச்சிகீறான். அங்க போய் ஸ்டீல்ல ரெண்டு ஆப்பு செஞ்சுகினு வந்தேன். எதிரெதிரா சொருவி, நடுவுல ஒரு போல்ட்டு. நட்ட முடுக்கினா நெருக்கும், தளத்தினா உட்டுடும். கழட்ற மாதிரிதான் போட்டு கீறேன். போட்டவன் கழட்ட முடியலன்னா அது வேலையே இல்ல."

"அப்ப கழட்டிடலாம்" என்றேன்.

"கழட்டலாம். அது சொமக்காம இருந்தா."

எனக்குத் தங்க அறை பூந்தமல்லியில். ஜன்னலைத் திறந்தால் பக்கத்துக் கட்டடத்தின் சுவர், கையை நீட்டினால் தொடலாம். கீழே பிரியாணிக் கடையில் மதியம் மூன்று மணிக்கும் கூட்டம். இலையில் பிரியாணி, கத்தரிக்காய் தொக்கு, தயிர் வெங்காயம். ஹாலந்தில் பன்னிரண்டு மணிக்கு இரண்டு ரொட்டித் துண்டுக்கு நடுவே ஒரு சீஸ் துண்டை வைத்து மதியச் சாப்பாடு என்பார்கள். அதை எத்தனை வருஷம் சாப்பிட்டாலும் அது சாப்பாடு என்று என் வயிறு ஒத்துக்கொள்ளவில்லை. இங்கே சாப்பிட்டு முடித்ததும் கண் சொருகியது. பட்டப்பகலில் படுத்து மறுநாள் விடிந்துதான் எழுந்தேன்.

இரண்டாம் நாள். கட்டடத்தைக் கட்டின பில்டர் காலமாகிவிட்டார். அவர் மகன் அம்பத்தூரில் டைல்ஸ் கடை வைத்திருக்கிறாராம், எங்கே எவ்வளவு கம்பி என்று காட்டும் வரைபடம் அவரிடம் இருந்தாலும் இருக்கும் என்று செல்வகுமார் சொன்னார். ஷேர் ஆட்டோ பிடித்தேன். எட்டுப் பேர் ஏறின ஆட்டோ சென்னீர்குப்பத்தில், ஹைவே ஓரத்தில், ஒரு பெருமூச்சு விட்டு நின்றுவிட்டது. டிரைவர் இறங்கி, பின்பக்கம் திறந்து, வண்டியைப் பார்த்து, "இன்னா நைனா, காலீலயே மக்கர் பண்றியே" என்று கொஞ்சினார். வண்டி மசியவில்லை.

அந்த வழியாக வந்த பஸ்ஸில் ஏறினேன். ஜன்னலோரம் சீட். தூங்கக்கூடாது என்று நினைத்ததுதான் தெரியும். கண்டக்டர் தோளைத் தட்டினார். "ஆவடிம்மா, கடைசி ஸ்டாப். எறங்கு, எறங்கு."

நான் போக வேண்டியது அம்பத்தூர். சரி, தூங்குமூஞ்சிக்கு இது வேணும். வந்ததுதான் வந்தோம் என்று கொஞ்ச தூரம் நடந்தேன். தொழிற்சாலைக் குவார்ட்டர்ஸ் வரிசை வரிசையாக நின்றது. மஞ்சள் சுவர், சிவப்பு ஓரம், ஒரே அளவு ஜன்னல், எல்லா வீட்டு வாசலிலும் வேப்பமரம். தத்துவம் பிடித்தவன் எவனும் கை வைக்காத வீடுகள். யாரோ ஒரு சர்க்கார் இன்ஜினியர், வெயில் எந்தப் பக்கம், காத்து எந்தப் பக்கம் என்று மட்டும் பார்த்துப் போட்டது. ஒரு அம்மாள் மரத்தடியில் அப்பளம் காயவைத்தார். பரமசிவம் இப்படிப்பட்ட வீட்டில் முப்பது வருஷம் தரைத் தளத்தில் இருந்தவர், வாசல் தாண்டினால் மண். நான் அவருக்குக் கட்டிக்கொடுத்தது மூன்று மாடி ஏறுகிற அனுபவம்.

ஆவடியில் மின்சார ரயில் ஏறினேன். எதிரில் இரண்டு பையன்கள், தொழிற்பேட்டையில் வேலை செய்கிற வடநாட்டுக்காரர்கள். இந்தியில் பேசிக்கொண்டார்கள். ஒருவன் சொன்னான், "இந்த ஊர்ல ஜன்னலைத் திறந்தா இன்னொருத்தன் ஜன்னல்தான் தெரியுது." மற்றவன் சொன்னான், "அதுக்கென்ன, அவன் டிவியில மேட்ச் பார்க்கிறான், நானும் பார்க்கிறேன்." என் பாடத்திட்டத்தில் இதற்கு ஒரு அத்தியாயம் உண்டு. அவர்கள் ஒரு வரியில் முடித்துவிட்டார்கள்.

அம்பத்தூர் டைல்ஸ் கடையில் பில்டரின் மகன் என்னை நினைவு வைத்திருந்தார். ஸ்டூல் போட்டு, டீயும் வாழைக்காய் பஜ்ஜியும் வரவழைத்தார். வரைபடம் கரையான் அரித்துப் போய்விட்டது என்றார். சரி என்று எழுந்தேன்.

"ஆனா அந்த சைட்ட அப்பா மறக்கவே இல்ல மேடம். கடைசி வரைக்கும் சொல்லுவாரு. உத்தரத்துக்கு நீங்க ஏகத்துக்கும் கம்பி போட்டிருந்தீங்களாம். அப்பா தரைப் ப்ளானப் பாத்துட்டு, அதான் நடுவுல தூணு இருக்கே, எதுக்கு இவ்ளோ கம்பின்னு கொறச்சுட்டாராம். அப்புறம் தூணு மேல வரும்போதுதான் அது உத்தரத்தத் தொடலன்னு தெரிஞ்சுதாம். அதுக்குள்ள உத்தரத்துக் கம்பிய வெட்டியாச்சு, அப்படியே கான்கிரீட் போட்டுட்டாரு. யாரு கேக்கப் போறா, நிக்குதில்லன்னு விட்டுட்டாரு." அவர் சிரித்தார். "பதினாலு வருஷமா நிக்குதில்ல மேடம்?"

கையிலிருந்த பஜ்ஜியைத் தட்டில் திருப்பி வைத்தேன். தரைப் படத்தில் ஒரு சின்னச் சதுரம். அதைப் பார்க்கிற எந்த மேஸ்திரியும், எந்த பில்டரும், இது தாங்கும் என்றுதான் எடுத்துக்கொள்வார். நூற்றுக்கணக்கான கட்டடத்தில் அப்படித்தானே இருந்தது. நான் கேள்வி கேட்டது ஏதோ ஒரு சிந்தனையை என்று நினைத்திருந்தேன். கம்பி கட்டுகிறவர்கள் ஒருவரை ஒருவர் நம்பிப் படம் படிக்கிற பழக்கத்தில் போய்க் கல்லைப் போட்டிருக்கிறேன்.

திரும்பி வரும் வழியெல்லாம் நின்றுகொண்டே வந்தேன், தூங்கினால் எங்கே கொண்டுபோய் விடுவார்களோ என்று. பையில் செல்வகுமார் டைப் அடித்துக் கொடுத்த கடிதம் இருந்தது. "மேற்படி தூண் கட்டடத்தின் எந்தப் பளுவையும் தாங்கவில்லை என்று உறுதி அளிக்கிறேன்." என் கையெழுத்துக்கு இடம் விட்டிருந்தது. போட்டுவிட்டுப் போய்விடலாம். லிஃப்ட் வந்துவிடும், அந்த மனுஷன் கீழே இறங்கிவிடுவார், என் கிழக்குச் சுவரும் பிழைத்துவிடும். பில்டர் மகன் வாய்க்கு வந்ததைச் சொல்லியிருக்கலாம், யார் கண்டது. சொல்ல வெட்கமாகத்தான் இருக்கிறது, பேனாவைக் கையில் எடுத்தேன். பிறகு அந்தப் பன்னிரண்டு தபால் பெட்டி கண் முன்னால் வந்தது. பேனாவை மூடிவிட்டு, செல்வகுமாருக்குப் போன் போட்டேன். காலையில் ஆப்பைத் தளர்த்திப் பார்க்க வேண்டும், அதற்கு முன்னால் உத்தரத்துக்கு முட்டுக் கொடுக்க வேண்டும் என்றேன்.

மூன்றாம் நாள். மாங்காட்டில் ஒரு சென்ட்ரிங் கடையிலிருந்து நாலு இரும்பு முட்டு வாடகைக்கு வந்தது. வண்டிகளை வெளியே தள்ளி, உத்தரத்தின் கீழே இரண்டு பக்கமும் முட்டுகளை நிறுத்தித் திருகினோம். மேலே இருக்கிற வீட்டுக்காரர்கள் எல்லோரையும் தெருவுக்கு வரச் சொன்னேன். குழந்தைகள், பாத்திரத்தில் பாதிச் சாப்பாடு, மடியில் லேப்டாப் வைத்துக்கொண்டு சுவரோரம் வேலை பார்க்கிற பிள்ளைகள் என்று தெரு நிறைந்தது.

"நட்ட யாரு தளத்துவா?" என்று மேலிருந்து குரல் வந்தது. பரமசிவம். "நான் இல்லாம அதுல கை வெக்காதீங்க. அதோட சத்தம் எனக்குத்தான் தெரியும்."

எப்படியும் அவரை வெளியே கொண்டுவர வேண்டியதுதான். நாலு பேர் நாற்காலியோடு அவரைத் தூக்கி இறக்கினார்கள். திருப்பத்துக்குத் திருப்பம் "பாத்து, பாத்து" என்று சுலோச்சனா கூவிக்கொண்டே பின்னால் வந்தார். ஹாலந்தில் படி குறுகல், அதனால் வீட்டு நெற்றியில் ஒரு கொக்கி இருக்கும், சோபாவை எல்லாம் கயிறு கட்டி ஜன்னல் வழியாக ஏற்றுவார்கள் என்று, பதற்றத்தில் எதையாவது பேச வேண்டுமே என்று சொன்னேன்.

"ஆள ஏத்துவாங்களா?" என்றார் அவர், நாற்காலியில் ஆடிக்கொண்டே.

பத்தொன்பது மாதத்துக்குப் பிறகு கீழே வந்தவர், இறங்கினதும் செருப்பைக் கழற்றச் சொன்னார். சிமென்ட் தரையில் இரண்டு பாதத்தையும் பதித்து வைத்துக்கொண்டார்.

செல்வகுமார் ஏணியில் ஏறிப் பெயின்ட்டைச் சுரண்டினார். உள்ளே ஆப்பு தெரிந்தது. பன்னிரண்டு வருஷம் ஆகியும் துரு இல்லை, கிரீஸ் தடவி வைத்திருந்திருக்கிறார். ஓரங்கள் மழமழவென்று. இந்தக் கட்டடத்தில் இவ்வளவு ஒழுங்காகச் செய்த பொருள் வேறு எதுவும் இல்லை.

பரமசிவம் நாற்காலியைத் தூணுக்குப் பக்கத்தில் போடச் சொல்லி, உள்ளங்கையைத் தூணில் வைத்துக்கொண்டார். நான் பயந்துபோய் இழுக்கப் பார்த்தேன். "முட்டு கீதுல்ல, சும்மா இரு தாயி" என்றார். "தம்பி, கால் சுத்து. அவ்ளோதான். கால் சுத்து."

ஸ்பானர் அசையவில்லை. செல்வகுமார் எடையைப் போட்டு இழுத்தார். நட்டு கிறீச்சென்று கொஞ்சம் நகர்ந்தது. மேலே உத்தரத்துக்குள் எங்கோ 'டொக்' என்று ஒரு சத்தம். பூச்சு சில்லு சில்லாக என் தலையில் விழுந்தது. இரும்பு முட்டு ஒன்று முனகியது.

"நிறுத்து!" என்று கத்தினார் பரமசிவம். "சொமந்துகினு கீது. இறுக்கு, திருப்பி இறுக்கு, சீக்கிரம்!"

செல்வகுமார் இறுக்கினார். யாராவது தண்ணீர் கொடுத்தால் தேவலை என்று இருந்தது.

ஆக, இந்தத் தூண் தாங்குகிறது. நான் தாங்கக்கூடாது என்று வைத்தேன், பில்டர் தாங்கும் என்று நம்பிக் கம்பியைக் குறைத்தார், பரமசிவம் பொறுக்காமல் தாங்கவைத்தார். அவர் ஆப்பு வைக்காமல் இருந்திருந்தால் அந்த உத்தரம் இந்நேரம் எவர் தலையில் இறங்கியிருக்கும் என்று எனக்குக் கணக்குப் போட்டுப் பார்க்கத் தைரியம் இல்லை. ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது என்பார்கள். உதவாவிட்டால்கூடப் பரவாயில்லை, என் சுரைக்காய் ஆளையே கொன்றிருக்கும்.

"அப்ப லிஃப்ட்?" என்றார் செல்வகுமார், ஏணியிலிருந்தே.

யாரும் பரமசிவத்தைப் பார்க்கவில்லை. பார்க்காமல் இருப்பதற்கு எல்லோரும் கஷ்டப்பட்டார்கள். அவர் தூணில் வைத்த கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். எனக்குத் தெரியும், எல்லோருக்கும் தெரியும், இன்னொரு இடம் இருக்கிறது. அதை வேண்டாம் என்று சொன்னது நான் ஒருத்திதான்.

"கிழக்குச் சுவர்ல வைங்க" என்றேன். "அந்தப் பிளவு மூணடி அகலம். கண்ணாடியை எடுத்துட்டா ஒவ்வொரு மாடிக்கும் அதுவே லிஃப்ட் வாசல் ஆயிடும். வெளியில ஒரு கூண்டு எழுப்பினாப் போதும்."

"அது நீங்க தொடக்கூடாதுன்னு சொன்ன சொவரு மேடம்."

"சொன்னேன். இப்ப எடுங்கன்னு சொல்றேன்."

வீம்பாகத்தான் வந்தது குரல். அந்த ஒரு சுவருக்காகத்தான் நான் என்னைக் கட்டடம் கட்டினவள் என்று சொல்லிக்கொள்கிறேன்.

அப்போதுதான் சுலோச்சனா மெதுவாகச் சொன்னார். "அந்த வெளிச்சத்துலதான்மா இவரு தெனிக்கும் உக்காந்துகினு கீறாரு. காலீல ஆறு மணிக்கு நாக்காலியப் போடுன்னுவாரு. வெயிலு போற வரிக்கும் அங்கதான்."

முதல் நாள் அவர் மடியில் விழுந்திருந்த வெயில் நினைவுக்கு வந்தது. ஐயோ என்று இருந்தது. நான் என் போட்டோவைப் பற்றி மட்டுமே யோசித்திருந்தேன். அந்த மனுஷனுக்கு மிச்சம் இருந்த ஒரே வெளியுலகம் அந்தப் பிளவுதான், அதையும் இப்போது அடைக்கச் சொல்லிவிட்டேன்.

தபால் பெட்டியின் மேல் காகிதத்தை வைத்து எழுதினேன். டைப் அடித்த கடிதத்தைக் கிழித்துப் போட்டாயிற்று. தூண் பளுவைத் தாங்குகிறது, அதையும் ஆப்பையும் யாரும் தொடக்கூடாது. உத்தரத்தைத் தகுந்த இன்ஜினியர் வந்து பலப்படுத்தும்வரை முட்டுகள் இருக்க வேண்டும். கிழக்குச் சுவரைத் திறந்து லிஃப்ட் வைக்க, வடிவமைத்தவள் என்ற முறையில் எனக்கு எந்த ஆட்சேபமும் இல்லை. கையெழுத்துப் போட்டு, செல்வகுமாரிடம் கொடுத்தேன்.

பரமசிவம் வாசலுக்கு வெளியே தன் நாற்காலியைப் போடச் சொன்னார். தெருவில் நல்ல வெயில். பக்கத்து டீக்கடையிலிருந்து கிளாஸில் டீ வந்தது. போகிற வருகிறவன் ஒவ்வொருவனும் "அண்ணாத்தே! எப்போ எறங்கினே?" என்று நின்றான். அவரும் சளைக்காமல் பதில் சொன்னார். நான் பக்கத்தில் போய் நின்றேன்.

"அங்க லிஃப்ட் வந்துட்டா உங்களுக்கு அந்த வெளிச்சம் இருக்காது" என்றேன். "மன்னிச்சுக்குங்க."

அவர் டீயை ஊதிக் குடித்தார். "பத்தொம்போது மாசம் அது என்னத் தேடிகினு மூணு மாடி ஏறி வந்துச்சும்மா" என்றார். "இனிமே நான் எறங்கிப் போய் பாத்துக்கறேன்."

வெயில் ஏறினதும் அவரை மேலே கொண்டுபோக வேண்டியிருந்தது. லிஃப்ட் வர இன்னும் மாதங்கள் ஆகும். காலையில் தூக்கினவர்களில் ஒருவர் வேலைக்குப் போய்விட்டார், நாற்காலியின் நாலாவது காலுக்கு ஆள் இல்லை. பையைத் தூணடியில் வைத்துவிட்டு, நான் குனிந்து பிடித்தேன். "உங்களால முடியாது மேடம்" என்றார் செல்வகுமார். முதல் மாடித் திருப்பத்திலேயே தோள் கழன்றுவிடும் போல இருந்தது. இரண்டாவது மாடியில், "இன்னா கனமா கீறேனா?" என்று கேட்டார் பரமசிவம். ஆமாம் என்று சொல்லக்கூட மூச்சு இல்லை. கையை மட்டும் விடவில்லை.